டிரம்மைத் திறந்தவன்தான் வில்லனா?

(மூன்றாம் ஆண்டு, மின்னியல் மற்றும் மின்னணுவியல்)



ஆண்டு மலர் என்றாலே காதல் கவிதை, ஹாஸ்டல் சாம்பார் பற்றி ஒரு நையாண்டி, "இளைஞனே எழு" என்று ஒரு கட்டுரை, இவற்றிலேயே பக்கம் நிறைந்துவிடும். நான் ஒரு காமிக்ஸ் வில்லனுக்காக வக்காலத்து வாங்க வந்திருக்கிறேன். சிரிக்காதீங்க. படித்துவிட்டுச் சொல்லுங்க.

அவன் பெயர் பாரசைட். தமிழில் ஒட்டுண்ணி. சூப்பர்மேனின் எதிரி. ஊதா நிற உடம்பு. ஆளைத் தொட்டால் போதும், அந்த ஆளின் பலம், அறிவு, ஞாபகம் எல்லாம் இவனுக்குள் போய்விடும். சூப்பர்மேனையே துவண்டு விழ வைத்தவன். ஆனால் உறிஞ்சிக்கொண்டே இருக்க வேண்டும், இல்லாவிட்டால் இவன் காலி. ஆறாத பசி.

1966-ல் அமெரிக்காவில் 'ஆக்‌ஷன் காமிக்ஸ்' 340-வது இதழில் இவன் முதலில் வந்தான். கதையை எழுதிய ஜிம் ஷூட்டருக்கு அப்போது 14 வயது! பிட்ஸ்பர்க் இரும்பு ஆலைத் தொழிலாளி ஒருவரின் மகன். வீட்டுக் கஷ்டத்துக்காகக் கதை எழுதி விற்ற பையன். (நாம் 14 வயதில் என்ன கிழித்துக்கொண்டிருந்தோம் என்பது வேறு விஷயம்.) பின்னாளில் மார்வெல் நிறுவனத்தின் தலைமை ஆசிரியராக உயர்ந்து, 2025 ஜூனில் மறைந்தார்.

கதை இதுதான். மேக்ஸ்வெல் ஜென்சன் ஓர் ஆராய்ச்சிக் கூடத்தின் கடைநிலைத் தொழிலாளி. விண்வெளிப் பொருட்களின் ஆபத்தான கழிவு அங்கே டிரம்மில் அடைத்து வைக்கப்பட்டிருக்கிறது. "கம்பெனி சம்பளப் பணத்தை இதுக்குள்ளதான் ஒளிச்சு வச்சிருக்காங்க" என்று நினைத்து ஆசையில் மூடியைத் திறக்கிறான். கதிர்வீச்சு தாக்குகிறது. ஜென்சன் போய் பாரசைட் வருகிறான். கடைசியில் சூப்பர்மேனிடமிருந்து அளவுக்கு மீறி உறிஞ்சி வெடித்துச் சிதறுகிறான். ரேட்டிங் தெரியாமல் லோடு ஏற்றினால் வேறென்ன ஆகும்?

காமிக்ஸில் செத்தவன் திரும்ப வருவது சகஜம். இவனும் வந்தான். 1987-ல் ரூடி ஜோன்ஸ் என்ற பெயரில் இன்னொரு பாரசைட். அவன் பிட்ஸ்பர்க் நகர ஸ்டார் லேப்ஸில் பெருக்கித் துடைக்கிற ஆள். 1997-ல் தொலைக்காட்சிக் கார்ட்டூனில் அதே ரூடி, கடன்காரனாகி, ஒரு ரவுடிக்காக லேபிலிருந்து கெமிக்கல் திருடப்போய், அது மேலே கொட்டி ஊதா மனிதன் ஆகிறான். 2013-ல் மூன்றாவதாக ஒருவன். சைக்கிளில் பார்சல் கொண்டுபோகிற பையன்!

கவனித்தீர்களா? ஆளும் பெயரும் மாறுகிறது, வேலையின் தரம் மட்டும் மாறவே இல்லை. கழிவு அள்ளுபவன், தரை துடைப்பவன், பார்சல் சுமப்பவன். இந்த மூவரில் விஞ்ஞானியோ மேனேஜரோ ஒருவர்கூட இல்லை. அடுத்தவன் உழைப்பை உறிஞ்சுகிறவன் யார் என்று நம்மூர் டீக்கடையில் கேட்டால் வேறு பதில் வரும். காமிக்ஸில் மட்டும் அடிமட்டத் தொழிலாளியே ஒட்டுண்ணி. இது எனக்கு உறுத்துகிறது.

சரி, கொஞ்சம் நம்ம பாடத்துக்கு வருவோம். ஒரு மனிதன் ஒரு நாளில் சாப்பிடும் உணவின் ஆற்றல் ஏறக்குறைய 10 மெகாஜூல். கணக்குப் போட்டால் மூன்று யூனிட் கரண்டுகூட வராது. 24 மணி நேரமும் எரிகிற ஒரு நூறு வாட் பல்பு, அதைவிடக் கொஞ்சம் கூடுதல், அவ்வளவுதான் மனிதன். பாரசைட் ஊரையே உறிஞ்சினாலும் ஒரு சின்ன மில்லை ஒரு நாள் ஓட்டலாம், பெரிதாக ஒன்றும் தேறாது.

நிஜ வாழ்க்கையில் "ஆற்றலை உறிஞ்சும் மனிதன்" கதை வேறு மாதிரி. கதிர்வீச்சை அளக்கும் அலகு கிரே. ஒரு கிலோ உடம்பு ஒரு ஜூல் உறிஞ்சினால் ஒரு கிரே. உடம்பு முழுவதும் குறுகிய நேரத்தில் 4, 5 கிரே வாங்கினால், சிகிச்சை இல்லாதபோது பாதிப் பேர் இறந்துவிடுவார்கள். 70 கிலோ ஆளுக்கு 5 கிரே என்றால் 350 ஜூல். நம்ம நூறு வாட் பல்பு மூன்றரை நொடி எரிகிற ஆற்றல்! அவ்வளவை உறிஞ்சினால் பலம் வராது, ஆளே போய்விடுவான்.

கற்பனை இல்லை, நடந்தது. ரூடி ஜோன்ஸ் காமிக்ஸில் வந்த அதே 1987-ல், செப்டம்பர் மாதம், பிரேசில் நாட்டின் கோயானியா நகரம். ஒரு கதிர்வீச்சுச் சிகிச்சை நிலையம் வேறு இடத்துக்குப் போனபோது பழைய மெஷினை அப்படியே விட்டுவிட்டுப் போயிருந்தது. உள்ளே 93 கிராம் சீசியம் குளோரைடு. பழைய இரும்பு பொறுக்கும் இரண்டு பேர் அதைக் கழற்றிப் போய் காயலான் கடையில் விற்றார்கள். இரவில் அது நீல நிறத்தில் ஒளிர்ந்தது. கடைக்காரர் அதிசயம் என்று சொந்தக்காரர்களையும் நண்பர்களையும் கூப்பிட்டுக் காட்டி, துளித் துளியாகக் கொடுத்தும் அனுப்பினார். ஆறு வயதுச் சிறுமி ஒருத்தி அந்தப் பொடியில் விளையாடி, அதே கையோடு சாப்பிட்டாள். எல்லோரும் நோயில் விழுகிறார்களே என்று முதலில் சந்தேகப்பட்டவர் கடைக்காரரின் மனைவி. மிச்சத்தைப் பையில் போட்டு, பஸ் ஏறி, சுகாதார அலுவலகத்தில் கொண்டுபோய் வைத்தார். அவர் செய்ததால்தான் ஊருக்கு விஷயம் தெரிந்தது. நான்கு பேர் இறந்தார்கள். அந்தச் சிறுமியும், அந்த அம்மாவும் அதில் அடக்கம். 249 பேர் உடம்பில் கதிரியக்கம் பட்டிருந்தது.

"திருடப் போனவன்தானே, அனுபவிக்கட்டும்" என்று என் வகுப்பு நண்பன் ஒருவன் வாதாடினான். அப்படியா? பழைய இரும்பு எடுத்ததற்கு மரண தண்டனை எந்தச் சட்டத்தில் இருக்கிறது? ஆறு வயதுப் பிள்ளை என்ன திருடியது?

2010-ல் டெல்லி மாயாபுரி. அங்கே திருட்டே இல்லை. 1985 முதல் சும்மா கிடந்த ஒரு காமா மெஷினைப் பல்கலைக்கழகமே ஏலத்தில் விற்றது. உள்ளே கோபால்ட்-60. பிரித்தவர்கள் காயலான் கடைத் தொழிலாளர்கள். ஒருவர் உயிர் போனது. முறைப்படி காசு கொடுத்து வாங்கியவனுக்கும் அதே கதிதான்.

ஆகவே ஜென்சன் மீது என் கோபம் போகவில்லை. அப்படிப்பட்ட டிரம்மைப் பூட்டு, எச்சரிக்கை இல்லாமல், சம்பளம் பற்றாத ஒருவன் கைக்கு எட்டும் இடத்தில் வைத்தவன் எவன்? அவன் பெயர் எந்தக் கதையிலும் வில்லன் பட்டியலில் இல்லை. நம்ம பேனல் போர்டையே பாருங்கள். கதவைத் திறந்தால் சப்ளை கட் ஆகிற மாதிரி இன்டர்லாக் வைக்கிறோம். திறக்கப்போகிறவன் நல்லவனா, பேராசைக்காரனா, தூக்கக் கலக்கத்தில் இருக்கிறவனா என்று விசாரித்தா வைக்கிறோம்? எவன் திறந்தாலும் சாகக் கூடாது, அதுதான் டிசைன். அந்த லேபில் இந்த வேலையைச் செய்திருந்தால் சூப்பர்மேனுக்கு ஓர் எதிரி குறைந்திருப்பான், ஜென்சனும் வீட்டுக்குப் போயிருப்பான்.

கதிரியக்கத்துக்கு மஞ்சள் பட்டையில் மூன்று இறக்கைச் சின்னம் ஒன்று இருக்கிறதே, படிக்காதவனுக்கு அது ஃபேன் படம் மாதிரிதான் தெரியும். 2007-ல் சர்வதேச அணுசக்தி முகமையும் ஐ.எஸ்.ஓ.வும் புதிதாக இன்னொரு சின்னம் கொண்டுவந்தன. 11 நாடுகளில் மக்களிடம் காட்டிச் சோதித்துப் பார்த்துத் தேர்ந்தெடுத்தது. சிவப்பு முக்கோணம், அதில் கதிர்கள், ஒரு மண்டையோடு, தப்பி ஓடுகிற ஒரு மனிதன். எழுத்து ஒன்றுகூட இல்லை. மெஷினுக்கு வெளியே ஒட்டுவதற்கும் அல்ல. ஸ்பேனரை எடுத்துப் பிரிக்க ஆரம்பிக்கிறவன் கண்ணில் படுகிற மாதிரி உள் உறையில் ஒட்டுவதற்கு. மாயாபுரியில் பிரித்த மெஷின் அதற்கு எத்தனையோ வருடம் முந்தியது.