கண்ணுக்குத் தெரியும், கைக்கு வராது!

இணையவழி விளையாட்டுகளை ஊக்குவித்து ஒழுங்குபடுத்துவதற்கான மசோதா 2025 ஆகஸ்ட் 20-ஆம் தேதி மக்களவையில் அறிமுகமானது, அன்றே நிறைவேறியது. மறுநாள் மாநிலங்களவை அதற்கு ஒப்புதல் அளித்தது. 22-ஆம் தேதி குடியரசுத் தலைவரின் இசைவும் கிடைத்துவிட்டது. பிகார் வாக்காளர் பட்டியல் திருத்தம் குறித்து எதிர்க்கட்சிகள் எழுப்பிய அமளிக்கிடையே, இரு அவைகளிலும் குரல் வாக்கெடுப்பு மூலம் மூன்றே நாள்களில் ஒரு சட்டம் பிறந்தது. மசோதா எந்த நாடாளுமன்றக் குழுவின் ஆய்வுக்கும் அனுப்பப்படவில்லை.

பணம் கட்டி ஆடும் ரம்மி, போக்கர், கற்பனை கிரிக்கெட் போன்ற விளையாட்டுகளைத் தடை செய்வதுதான் அச்சட்டத்தின் முதன்மை நோக்கம். சுமார் 45 கோடிப் பேர் இத்தகைய விளையாட்டுகளால் பாதிக்கப்பட்டு ஆண்டுக்கு ரூ.20 ஆயிரம் கோடிக்கு மேல் இழக்கிறார்கள் என்பது மத்திய அரசின் மதிப்பீடு. கடனில் மூழ்கித் தற்கொலை செய்துகொண்டவர்களின் குடும்பங்களை நாடறியும். அந்த நோக்கத்தைக் குறை கூறுவதற்கில்லை. ஆனால், அவசரத்தில் இயற்றப்படும் சட்டங்களில் கவனிக்கப்படாமல் நுழையும் சொற்றொடர்கள் பின்னாளில் பெரும் சிக்கலை உண்டாக்குவது வழக்கம். இச்சட்டத்திலும் அப்படியொரு சொற்றொடர் இருக்கிறது.

பந்தயப் பொருள் என்பதற்கு இச்சட்டம் தரும் விளக்கம் மிக விரிவானது. பணத்துக்கு ஈடாகக் கருதப்படும் அல்லது பணமாக மாற்றத்தக்க எதுவும் அதில் அடங்கும். புள்ளிகள், காசுகள், வில்லைகள், பொருள்கள் என எப்பெயரில் அழைக்கப்பட்டாலும், அவை உண்மையானவையாக இருந்தாலும் மெய்நிகராக இருந்தாலும், விளையாட்டின் தொடர்பில் பணம் கொடுத்து வாங்கப்பட்டிருந்தால் பந்தயப் பொருளாகக் கருதப்படலாம். சூதாட்டக் காசுகளை மனத்தில் வைத்தே இது எழுதப்பட்டிருக்க வேண்டும். ஆனால், சூதாட்டத்துக்குத் தொடர்பில்லாத இன்னொரு பெரிய சந்தையும் இந்த வலையில் சிக்குகிறது. விளையாட்டுக்குள் பயன்படும் மெய்நிகர் பொருள்களின் சந்தைதான் அது.

துப்பாக்கிக்கு ஓர் அலங்கார உறை, வீரனுக்கு ஒரு புதிய உடை, காருக்கு ஒரு வண்ணம் என்று நூறு ரூபாயிலிருந்து பல ஆயிரம் ரூபாய் வரை செலவிட்டு இப்பொருள்களை இளைஞர்கள் வாங்குகிறார்கள். அரிதான பொருள்களை ஒருவரிடமிருந்து மற்றொருவர் வாங்குவதும் விற்பதும் உலகெங்கும் நடக்கிறது. 'ஸ்டீம்' என்ற அமெரிக்கத் தளத்தை நடத்தும் வால்வ் நிறுவனம் தனது சந்தையில் இத்தகைய விற்பனையை அனுமதிக்கிறது. 'கவுன்டர் ஸ்ட்ரைக்' விளையாட்டின் பொருள் ஒன்று கைமாறும்போது 15 சதவீதத் தரகு வசூலிக்கப்படுகிறது. விற்றவருக்குக் கிடைக்கும் தொகை அத்தளத்தின் கணக்கில் மட்டுமே சேரும், வங்கிக்கு வராது. பணமாக எடுக்க விரும்புபவர்கள் வெளிச்சந்தைத் தளங்களை நாடுகிறார்கள். வேறு பல நிறுவனங்களோ பொருளையோ கணக்கையோ விற்பதையே தங்கள் ஒப்பந்தத்தில் தடை செய்துள்ளன.

இந்த வணிகத்துக்குக் கட்டுப்பாடு தேவை என்பதில் ஐயமில்லை. விளையாட்டுப் பொருளைச் சூதாட்டக் காசாகப் பயன்படுத்தும் தளங்கள் பெருகியதால், 2016 ஜூலையில் 23 தளங்களுக்கு வால்வ் நிறுவனமே எச்சரிக்கைக் கடிதம் அனுப்ப நேர்ந்தது. பெட்டிகளைத் திறக்கும் சாவிகளின் வணிகம் ஏறத்தாழ முழுவதும் மோசடிப் பணத்தை மாற்றும் வழியாகிவிட்டது என்று 2019 அக்டோபரில் அறிவித்த அந்நிறுவனம், அதன்பின் வாங்கப்படும் சாவிகளைக் கைமாற்ற முடியாதபடி செய்தது. கண்ணுக்குத் தெரியாத பொருளைக் கொண்டு கறுப்புப் பணத்தை வெள்ளையாக்க முடியும் என்றால், எந்த அரசும் கைகட்டி நிற்க முடியாது.

கட்டுப்பாடு எங்கே தொடங்கி எங்கே முடிய வேண்டும் என்பதுதான் கேள்வி. உள்ளே என்ன இருக்கிறது என்று தெரியாத மர்மப் பெட்டியை ஒருவர் பணம் கொடுத்துத் திறக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். கிடைத்த பொருளை விற்கவே முடியாது என்றால், அவர் விளையாட்டில் பொழுதுபோக்கியவர். அதே பொருளைப் பத்து மடங்கு விலைக்கு விற்க முடியும் என்றால், பணம் கட்டிப் பண ஆதாயத்தை எதிர்பார்த்தவர் ஆகிறார். அப்போது அந்த விளையாட்டு தடை செய்யப்பட்ட பண விளையாட்டு என்ற வரையறையை நெருங்குகிறது. பெட்டி ஒன்றே, ஆனால், விற்பனைக்கு வழி உண்டா இல்லையா என்பதைப் பொறுத்து அது சூதாட்டமாகவும் பொழுதுபோக்காகவும் மாறுகிறது. பண விளையாட்டை வழங்குவோருக்கு 3 ஆண்டுச் சிறையும் ரூ.1 கோடி அபராதமும் விதிக்க இச்சட்டம் வகை செய்கிறது. அதற்கான பணப் பரிமாற்றத்துக்கு உதவுவோருக்கும் அதே தண்டனைதான்.

நெதர்லாந்து இந்தக் குழப்பத்தை ஏற்கெனவே சந்தித்திருக்கிறது. அந்நாட்டின் சூதாட்ட ஒழுங்குமுறை ஆணையம் 2018-இல் 10 விளையாட்டுகளை ஆராய்ந்தது. பெட்டியில் கிடைக்கும் பொருளை வெளியே விற்க முடிந்த 4 விளையாட்டுகள் மட்டுமே சட்டத்தை மீறுவதாக முடிவு செய்தது. கால்பந்து விளையாட்டு ஒன்றுக்காக எலெக்ட்ரானிக் ஆர்ட்ஸ் நிறுவனத்துக்கு விதிக்கப்பட்ட 1 கோடி யூரோ அபராதத்தை 2022 மார்ச்சில் அந்நாட்டின் உயர் நிர்வாக நீதிமன்றம் ரத்து செய்துவிட்டது. அண்டை நாடான பெல்ஜியமோ, விற்க முடிந்தாலும் முடியாவிட்டாலும் பணம் கொடுத்துத் திறக்கும் மர்மப் பெட்டி சூதாட்டமே என்று 2018-இல் அறிவித்தது. எது சரி என்பதில் கருத்து வேறுபாடு இருக்கலாம். ஆனால், இரு நாடுகளிலும் கேள்வி வெளிப்படையாக எழுப்பப்பட்டது, விடையும் தரப்பட்டது. இந்திய நாடாளுமன்றத்தில் அக்கேள்வி எழவே இல்லை.

இதன் விளைவை ஊகிப்பது கடினமன்று. சிறைத் தண்டனைக்கு அஞ்சும் நிறுவனங்கள் பொருள் விற்பனையை முழுவதுமாக முடக்கும். முடக்கியபின் பொருள்களைத் தொடர்ந்து விற்றுக்கொண்டும் இருக்கும். அதாவது, நிறுவனம் விற்கலாம், வாங்கியவர் விற்கக் கூடாது என்றாகிவிடும். விற்க நினைப்பவர்கள் வாட்ஸ்ஆப், டெலிகிராம் குழுக்களுக்குச் செல்வார்கள். அங்கே பணத்தை அனுப்பிவிட்டுப் பொருள் கிடைக்காமல் ஏமாந்தவர் காவல் நிலையத்துக்குச் செல்லத் தயங்குவார். தான் செய்ததே ஒப்பந்த மீறல், ஒருவேளை குற்றமாகவும் இருக்கலாம் என்ற அச்சம் அவரைத் தடுக்கும். விளையாடுபவர்களைத் தண்டிப்பதில்லை, அவர்கள் பாதிக்கப்பட்டவர்கள் என்று அரசு கூறியிருப்பது உண்மையே. ஆயினும், பொருளை விற்கும்போது ஒருவர் விளையாடுபவரா, வணிகரா என்பதைச் சட்டம் தெளிவாக்கவில்லை.

வரி விதிப்பில் அரசு இத்தகைய தயக்கம் எதையும் காட்டவில்லை என்பதையும் குறிப்பிட்டாக வேண்டும். 2022-ஆம் ஆண்டு நிதிச் சட்டம் மெய்நிகர் டிஜிட்டல் சொத்துகளின் மீதான ஆதாயத்துக்கு 30 சதவீத வரி விதித்தது. வாங்கிய விலையைத் தவிர வேறெந்தச் செலவையும் கழிக்க முடியாது. ஒன்றில் ஏற்பட்ட நட்டத்தை மற்றொன்றின் லாபத்தில் ஈடுகட்டவும் முடியாது. மறைகுறியீட்டு முறையிலோ வேறு முறையிலோ உருவாக்கப்பட்ட, மதிப்பைக் குறிக்கும் எந்தத் தகவலும் குறியீடும் இந்தச் சொத்தில் அடங்கும் என்கிறது வரையறை. பரிசு அட்டைகள், விமானப் பயணப் புள்ளிகள், இணையதளச் சந்தாக்கள் ஆகியவற்றுக்கு 2022 ஜூன் 30-ஆம் தேதி அறிவிக்கை விலக்கு அளித்தது. அந்தப் பட்டியலில் விளையாட்டுப் பொருள்கள் இடம்பெறவில்லை. வரி வசூலிக்கும்போது சொத்தாகக் கருதத்தக்க ஒன்றை, பறிபோகும்போது மட்டும் வெறும் விளையாட்டு என்று ஒதுக்கிவிடுவது நியாயமாகாது.

அது பறிபோவதற்கு உதாரணம் தேடி வெகுதூரம் செல்ல வேண்டியதில்லை. தேசப் பாதுகாப்பைக் காரணம் காட்டி 2020 செப்டம்பர் 2-ஆம் தேதி 118 செயலிகளை மத்திய அரசு முடக்கியது. அவற்றில் பப்ஜி மொபைலும் ஒன்று. அக்டோபர் 30-ஆம் தேதியுடன் இந்தியாவில் அதன் சேவை நின்றது. பணம் கொடுத்து வாங்கிய பொருள்களும் கணக்கோடு சேர்ந்து முடங்கின. 2021 ஜூலையில் பிஜிஎம்ஐ என்ற புதிய பெயரில் விளையாட்டு திரும்பியபோது, பழைய பொருள்களை மாற்றிக்கொள்ள அந்த ஆண்டு இறுதிவரை நிறுவனம் அவகாசம் தந்தது. அது நிறுவனத்தின் சலுகை. சட்டம் அளித்த உரிமையன்று. 2022 ஜூலையில் அதுவும் முடக்கப்பட்டு, 2023 மே மாதத்தில்தான் மீண்டும் வந்தது. செயலிகளை முடக்கும் அதிகாரம் அரசுக்குத் தேவைதான். ஆனால், அப்போது பணத்தை இழக்கும் குடிமகனுக்கு என்ன வழி என்பதை எந்த உத்தரவும் சொல்லவில்லை.

அரசின் தலையீடு இல்லாமலேயே நிறுவனங்கள் விரும்பியதைச் செய்துகொள்ளவும் முடிகிறது. 2025 அக்டோபரில் 'கவுன்டர் ஸ்ட்ரைக் 2' விளையாட்டில் வால்வ் செய்த ஒரே ஒரு மாற்றம், அரிய பொருள்களின் விலையை ஓரிரு நாள்களில் கடுமையாகச் சரித்தது. பங்குச் சந்தையில் இப்படி நடந்திருந்தால் 'செபி' விளக்கம் கேட்டிருக்கும். இங்கே கேட்பார் இல்லை. பொருள் வாடிக்கையாளருக்குச் சொந்தமன்று, பயன்படுத்தும் உரிமை மட்டுமே தரப்பட்டிருக்கிறது என்று ஒப்பந்தத்தில் எழுதி வைத்திருக்கிறார்கள். பல பக்கங்கள் நீளும் அந்த ஆங்கில ஒப்பந்தத்தை எத்தனை பேர் படித்துவிட்டு ஒப்புக்கொள்கிறார்கள்?

நியாயமற்ற ஒப்பந்தங்களை எதிர்க்க 2019-ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் வழி வகுத்திருக்கிறது. ஆனால், அத்தகைய புகாரை மாவட்ட ஆணையத்தில் கொடுக்க முடியாது. மாநில ஆணையத்துக்குத்தான் செல்ல வேண்டும். 2 ஆயிரம் ரூபாய்ப் பொருளை இழந்த கல்லூரி மாணவர் வழக்கறிஞரை அமர்த்திக்கொண்டு மாநிலத் தலைநகருக்கு அலைவார் என்று எதிர்பார்ப்பது நடைமுறைக்கு ஒவ்வாதது.

மற்ற நாடுகளின் அனுபவம் சில பாடங்களைத் தருகிறது. மாணவன் ஒருவனை மிரட்டி விளையாட்டுப் பொருள்களைப் பறித்தது திருட்டுக் குற்றமே என்று நெதர்லாந்து உச்ச நீதிமன்றம் 2012 ஜனவரியில் தீர்ப்பளித்தது. உழைப்பாலும் நேரத்தாலும் ஈட்டப்பட்ட பொருளுக்கு மதிப்பு உண்டு என்பதை அந்நீதிமன்றம் ஏற்றது. தென் கொரியாவில் விளையாட்டுப் பணத்தை வாங்கி விற்ற இருவரை 2009-இல் உச்ச நீதிமன்றம் விடுவித்தது. அதே சமயம், சூதாட்ட வகை விளையாட்டுகளிலோ முறைகேடான வழிகளிலோ பெற்றவற்றைத் தொழிலாக விற்பதை அந்நாட்டுச் சட்டம் தடுக்கிறது. மர்மப் பெட்டியில் எந்தப் பொருள் கிடைக்க எவ்வளவு வாய்ப்பு என்பதை வெளியிடுவது 2024 மார்ச் முதல் அங்கே கட்டாயம். சீனாவோ, சிறுவர்களுக்கு விளையாட்டுப் பண வணிகச் சேவை வழங்குவதை 2009-லேயே தடை செய்தது. விற்பனை முழுவதையும் ஒரே தராசில் நிறுக்காமல், எதை அனுமதிப்பது, எதைத் தடுப்பது என்று இந்நாடுகள் பிரித்துப் பார்த்திருக்கின்றன.

இந்தியாவும் அதைத்தான் செய்ய வேண்டும். தன்னிடம் ஏற்கெனவே உள்ள பொருளை நிர்ணயித்த விலைக்கு விற்பது பந்தயம் ஆகாது என்றும், அதே பொருளை ஓர் ஆட்டத்தின் முடிவின் மீது வைப்பது பந்தயமே என்றும் விதிகளில் வெளிப்படையாக எழுத வேண்டும். விற்கத்தக்க பொருள்களைக் கொண்ட மர்மப் பெட்டிகளை 18 வயது நிறைவடையாதவர்களுக்கு விற்பதற்குத் தடை வேண்டும். விற்பனையை அனுமதிக்கும் தளங்கள் விற்பவரின் அடையாளத்தைச் சரிபார்த்துப் பதிவு செய்ய வேண்டும். இந்தியாவில் குறைதீர் அலுவலரை நியமிக்க வேண்டும். அனுமதிக்காத நிறுவனங்கள், 'இதை நீங்கள் விற்க முடியாது' என்று பணம் வாங்குவதற்கு முன்பே வாடிக்கையாளரின் மொழியில் ஒரே வரியில் சொல்லியாக வேண்டும். சேவை நிறுத்தப்பட்டால், யார் நிறுத்தினாலும், செலவழிக்கப்படாத விளையாட்டுப் பணத்தைத் திருப்பித் தருவது கட்டாயமாக வேண்டும். விளையாட்டுப் பொருளுக்கு மெய்நிகர் சொத்து வரி உண்டா, இல்லையா என்பதை மத்திய நேரடி வரிகள் வாரியம் தெளிவுபடுத்த வேண்டும்.

இச்சட்டத்துக்கு எதிராக உயர் நீதிமன்றங்களில் தொடரப்பட்ட வழக்குகளை 2025 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் தன்னிடம் மாற்றிக்கொண்டது. பண விளையாட்டு நிறுவனங்களின் வணிக உரிமையும் மத்திய, மாநில அதிகார வரம்பும்தான் அவ்வழக்குகளின் மையம். நூறும் ஆயிரமும் செலவிட்ட இளைஞர்களுக்காக வாதாட அங்கே யாரும் இல்லை. அவர்களுக்காகப் பேச வேண்டிய இடம் நாடாளுமன்றம். தகவல் தொழில்நுட்பத்துக்கான நிலைக்குழு இப்பொருளைத் தானாக முன்வந்து எடுத்துக்கொண்டு, விளையாடுபவர்கள், பெற்றோர், நுகர்வோர் அமைப்புகள் ஆகியோரின் கருத்தைக் கேட்கலாம்.

சூதாட்டத்தை ஒழிக்க வேண்டும் என்ற உறுதி பாராட்டத்தக்கது. அந்த உறுதி நிறுவனத்துக்குத் தரகையும் அரசுக்கு வரியையும் மிச்சம் வைத்துவிட்டு, வாங்கியவருக்கு மட்டும் எதுவும் இல்லாமல் செய்துவிடக் கூடாது.