வடதுருவத்து வீடும் தென்கடல் நாடும்



தில்லிக்குப் படிக்க வந்த தமிழ் மாணவன் தப்ப முடியாத விவாதங்கள் சில உண்டு. சோறா சப்பாத்தியா என்பது ஒன்று. அதைப் பசியே தீர்த்து வைத்துவிடும். "யார் பழையவர்?" என்பது மற்றொன்று. அது தீரவே தீராது. விடுதிச் சாப்பாட்டு மேசையில் பருப்புப் பாத்திரம் காலியான பிறகும் நடந்துகொண்டிருக்கும். வடநாட்டு நண்பர் ஒருவர் வேதத்தைப் பனிக்காலத்துக்கும் முன்னே கொண்டுபோய் நிறுத்துவார். நம்மவர் ஒருவர் சும்மா இருப்பாரா? கடலுக்கடியிலிருந்து ஒரு கண்டத்தையே தூக்கிக்கொண்டு வருவார். இரு தரப்பையும் மூன்றாண்டுகளாகக் கேட்டவன் நான். என் தீர்ப்பு நம்மவருக்கும் முழுக்க இனிக்காது என்பதை முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன்.

முதலில் வடக்கே போவோம். வடக்கு என்றால் இந்தத் தில்லியோ இமயமோ அல்ல. அதற்கும் அப்பால், வடதுருவத்துப் பனிவெளி. அங்கேதான் ஆரியரின் ஆதி வீடு இருந்தது என்று எழுதியவர் சாமானியர் அல்லர்; லோகமான்ய பாலகங்காதர திலகர். 1897இல் இராஜத் துரோகக் குற்றம் சாட்டப்பட்டுச் சிறை சென்ற திலகர், அங்கே ரிக் வேதத்தில் ஆழ்ந்தார். அவருடைய விடுதலைக்காக மாக்ஸ் முல்லரும் பரிந்து பேசினார். 1898இல் வெளியே வந்தவர், சிறையில் முளைத்த எண்ணத்தை வளர்த்து, 1903இல் 'வேதங்களில் ஆர்க்டிக் தாயகம்' என்னும் பொருள்படும் ஆங்கில நூலாக வெளியிட்டார்.

அந்த நூலை எளிதாகத் தள்ளிவிட முடியாது. நமக்கு ஆறு மாதம் தேவர்களுக்கு ஒரு பகல், ஆறு மாதம் ஓர் இரவு என்பது நம் பாட்டிமாரும் அறிந்த கணக்கு. துருவத்தில் உண்மையிலேயே அப்படித்தான் பொழுது விடிந்து பொழுது அடைகிறது! மேருவைச் சூரியன் சுற்றி வருகிறது என்று பாரதம் சொல்கிறது. துருவத்தில் நிற்பவனுக்குச் சூரியன் அடிவானத்தைச் சுற்றித்தான் வரும். வேதத்தில் விடியல் நெடுநேரம் நீள்கிறது; தைத்திரீய சங்கிதையில் விடியற் சகோதரிகள் முப்பது பேர் வருகிறார்கள். கண்ணால் காணாதவன் இதையெல்லாம் பாடியிருக்க முடியுமா என்று வக்கீலைப் போல் அடுக்கிக் கேட்கிறார் திலகர். சட்டம் படித்தவர் அல்லவா!

ஆனால் வழக்கு நிற்கவில்லை. கி.மு. 10,000க்கு முன் துருவப் பகுதியில் இதமான தட்பவெப்பம் இருந்ததென்றும், பின்னர் வந்த பனி மக்களை விரட்டியதென்றும் அவர் கொண்டார். இன்றைய நிலவியல் சொல்வது இதற்கு நேர்மாறு. சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன்தான் பனி உச்சத்தில் இருந்தது. அவர் பனி வந்ததாகச் சொல்லும் காலத்தில் அது பின்வாங்கிக்கொண்டிருந்தது. துருவத்திலோ நிலமே இல்லை. நான்காயிரம் மீட்டருக்கும் மேல் ஆழமான கடல். 1958இல் நாட்டிலஸ் என்னும் நீர்மூழ்கிக் கப்பல் பனிக்கடியிலேயே துருவத்தைக் கடந்து போயிற்று.

இதைவிடச் சுவையான ஒன்று உண்டு. ஆரியர் வெளியிலிருந்து வந்தவர் என்பதையும் ஏற்க மனமில்லை, திலகர் தவறினார் என்று சொல்லவும் மனமில்லை என்றால் என்ன செய்வது? கோல்வல்கர் 1939இல் வெளியிட்ட நூலில் வழி கண்டார்: அக்காலத்து வடதுருவம் இன்றைய பீகார், ஒரிசாப் பகுதியில் இருந்ததாம்! மக்கள் இடம்பெயரவில்லை, துருவம் இடம்பெயர்ந்தது. கேட்டு நாம் சிரிக்கிறோம். சிரிக்கலாம், ஆனால் சிரிப்பைக் கொஞ்சம் மிச்சம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

மனிதன் ஏன் தன் கனவு நாட்டைப் பனிக்கு அப்பால் கொண்டுபோய் வைக்கிறான்? போய்ப் பார்த்துப் பொய் என்று சொல்ல ஆளில்லை என்பதால்தான். திலகருக்கு முன்பே, 1885இல், பாஸ்டன் பல்கலைக்கழகத் தலைவர் வாரன் என்பவர் ஏதேன் தோட்டத்தையே வடதுருவத்தில் நட்டுவைத்தார். 1818இல் சிம்ஸ் என்ற அமெரிக்கர், பூமி உள்ளே வெற்றிடம், இரு துருவங்களிலும் வாசல் உண்டு என்று அறிக்கை விட்டார். 1906இல் பியரி பனிக்கடலுக்கு அப்பால் மலைநாடு ஒன்று தெரிந்ததாகச் சொல்லிக் 'குரோக்கர் நாடு' என்று பெயரும் வைத்தார். 1913இல் அதைத் தேடிப் புறப்பட்டவர்கள் கண்டது கானல்! விமானம் வந்த பிறகும் கதை ஓயவில்லை. தளபதி பைர்டு 1947 பிப்ரவரியில் வடதுருவத்துக்கு அப்பால் பறந்து பசுஞ்சோலை கண்டார் என்று இன்றும் நம்புவோர் உண்டு. அந்த மாதத்தில் அவர் இருந்தது பூமியின் மறுகோடியில், அண்டார்ட்டிக்காவில்.

இனி நம் வீட்டுக்கு வருவோம்.

திலகர் நூல் வெளிவந்த அதே 1903இல், தமிழில் வெளிவந்த ஒரு நூல் பரிதிமாற் கலைஞரின் 'தமிழ் மொழியின் வரலாறு'. கடல் கொண்ட தென்னாட்டைக் 'குமரிநாடு' என்று அதில் குறித்தார் அவர். ஒரே ஆண்டில், ஒரே அடிமை நாட்டில், இரு பெரும் அறிஞர்கள் தம் மக்களின் முதல் வீட்டைத் தேடியிருக்கிறார்கள்: ஒருவர் வடகோடிப் பனியில், மற்றவர் தென்கோடிக் கடலில். ஆங்கிலேயன் எழுதித் தந்த சரித்திரத்தில் தங்களுக்கு இடம் சிறிதாக இருந்ததைக் கண்டு மனம் வெதும்பியவர்கள் அவர்கள். அந்த வேதனையை நான் மதிக்கிறேன்.

ஆனால் நம்மவர் நாட்டை நீட்டிய கதையைக் கேளுங்கள். 1864இல் ஸ்கிளேட்டர் என்ற ஆங்கில விலங்கியலார், மடகாஸ்கரில் லெமூர் இருக்கிறது, அதன் உறவான தேவாங்கு இந்தியாவில் இருக்கிறது, ஆகவே இடையே ஒரு நிலம் இருந்திருக்க வேண்டும் என்று ஊகித்து அதற்கு 'லெமூரியா' என்று பெயரிட்டார். நம் திண்டுக்கல், கரூர்க் காடுகளில் இரவெல்லாம் விழித்திருக்கும் அந்தச் சாதுவான தேவாங்குக்குத் தன்னால் ஒரு கண்டம் முளைத்த செய்தி தெரியாது! அந்த லெமூரியாவை எடுத்துச் சிலப்பதிகார உரையோடு ஒட்டவைத்தார்கள். பஃறுளி ஆற்றுக்கும் குமரி ஆற்றுக்கும் இடையே எழுநூற்றுக் காவதம், அதில் நாற்பத்தொன்பது நாடு என்பது அடியார்க்கு நல்லார் சொல்வது. இந்த எழுநூற்றுக் காவதத்தை ஏறத்தாழ 7000 மைல் என்று கணக்கிட்ட அறிஞரும் இருந்தனர். நான் பூகோளப் படத்தை விரித்து அளந்தேன். கன்னியாகுமரியிலிருந்து தென்துருவமே சுமார் 6800 மைல்தான்! அந்தக் கணக்குப்படி நம் முன்னோர் அண்டார்ட்டிக்காப் பனியைத் துளைத்து, துருவத்தையும் தாண்டி, இன்னும் இருநூறு மைலுக்கு உழுது பயிரிட்டிருக்க வேண்டும். மிச்சம் வைத்த சிரிப்பு இப்போது உதவும்.

கடல்கோள் நடக்கவே இல்லை என்று நான் சொல்லவில்லை. பனிக்காலத்தின் உச்சத்தில் கடல்மட்டம் இன்றைவிடச் சுமார் 120 மீட்டர் தாழ்ந்திருந்தது. அன்று இராமேசுவரத்திலிருந்து ஈழத்துக்கு நடந்தே போகலாம். குமரிக்குத் தெற்கே மீனவர் வலைவீசும் வாட்ஜ் திட்டிலும் தரை தெரிந்திருக்கும். கரையோர நிலங்களைக் கடல் கொண்டது உண்மை. 1964 டிசம்பரில் தனுஷ்கோடியையும், 2004 டிசம்பரில் நாகை முதல் குமரி வரை எத்தனையோ குப்பங்களையும் கடல் எப்படிக் கொண்டது என்பதை நம் ஊரார் அறிவர். இத்தகைய இழப்பு தலைமுறை தலைமுறையாக நினைவில் தங்கிப் பாட்டாவதில் வியப்பில்லை. கடல் ஊரைக் கொண்டது. நாட்டின் விளிம்பைக் கொண்டது. கண்டத்தைக் கொள்ளவில்லை. இந்துமாக் கடலின் அடித்தளம் புதிதாக விரிந்து உண்டானது. மூழ்கிய நிலம் அன்று.

"இருந்துவிட்டுப் போகட்டுமே, யாருக்கு நஷ்டம்?" என்று என் அறைத் தோழர் கேட்கிறார். நமக்குத்தான் நஷ்டம் ஐயா! கீழடியில் கிடைத்த கரித்துண்டு ஒன்றின் காலம் கி.மு. 580 என்று ஆய்வுக்கூடத்தில் கணிக்கப்பட்டது. அதை நாம் மேசையில் வைக்கும்போது எதிரே இருப்பவர், "ஆமாம், உங்கள் 7000 மைல் கண்டத்தைப் போலத்தானே?" என்று ஒரே வார்த்தையில் தள்ளிவிடுகிறார். அந்த வார்த்தையை அவர் கையில் கொடுத்தது யார்? கைநிறையச் சான்று வைத்திருப்பவன் கனவைச் சாட்சிக்கு அழைப்பானேன்?

துருவத்துப் பனிக்குள் நம் உறவு ஒன்று உண்மையாகவே புதைந்து கிடக்கிறது. அது எந்த இனத்தின் வீடும் அன்று. கோண்டு மக்களின் நாட்டுப் பெயரைக் கொண்ட கோண்டுவானா என்னும் பெருநிலத்தில், இந்தியாவின் கிழக்குக் கரையும் அண்டார்ட்டிக்காவும் ஒட்டிக் கிடந்தன; சுமார் 13 கோடி ஆண்டுகளுக்கு முன் பிரிந்தன. 1912இல் தென்துருவத்திலிருந்து திரும்பும் வழியில் மாண்டுபோன ஸ்காட்டின் குழுவினர், உயிர் போகும்வரை சுமார் 16 கிலோ கற்களை இழுத்து வந்தார்கள். அவற்றில் குளோசாப்டெரிஸ் என்னும் செடியின் இலைப்படிவம் இருந்தது. நம் ராணிகஞ்ச் நிலக்கரியிலும் அதே செடியின் இலைகள்! மனிதன் பிறப்பதற்கு எத்தனையோ கோடி ஆண்டுகள் முந்திய உறவு அது. அதில் ஆரியரும் இல்லை, தமிழரும் இல்லை. என்ன நிம்மதி!

அங்கே போக இப்போது வழியும் இருக்கிறது. 1981 டிசம்பரில் காசிம் தலைமையில் 21 பேர் கோவாவிலிருந்து புறப்பட்டு 1982 ஜனவரி 9 அன்று அண்டார்ட்டிக்காவில் கால் வைத்தனர். 1983–84இல் சுதீப்தா சென்குப்தா, அதிதி பந்த் என்னும் இரு பெண்மணிகளும் சென்றனர். மைத்ரி 1989 முதலும், பாரதி 2012 முதலும் இயங்குகின்றன. வடக்கே ஸ்வால்பார்டில் ஹிமாத்ரி நிலையம் 2008இல் திறக்கப்பட்டது. திலகர் கற்பனையில் கண்டது போன்ற நெடிய துருவ இரவை அங்கே நம் நாட்டார் கண்ணாலேயே காண்கிறார்கள். இப்பயணங்களை நடத்தும் அமைச்சகம் இதே தில்லியில், லோதி சாலையில்தான் இருக்கிறது. நம்மில் நிலவியலும் பௌதிகமும் படிப்போர் அந்தப் படியேறி விசாரிக்கலாமே.

விடுதி விவாதத்துக்கும் என்னிடம் ஒரு யோசனை உண்டு. சங்கத்தின் அடுத்த கூட்டத்துக்கு மராட்டிய நண்பர்களையும் இந்தி நண்பர்களையும் அழைப்போம். அடியார்க்கு நல்லார் உரையை அவர்களில் ஒருவர் ஆதரித்துப் பேசட்டும். திலகரின் வழக்கை நம்மில் ஒருவர் எடுத்து வாதாடட்டும். நான் திலகருக்காகப் பேசத் தயார்; ஒரு வாரம் முன்னால் சொன்னால் போதும். தேநீர்ச் செலவைச் செயலாளர் ஏற்கவேண்டும்.