மாட்டு டாக்டருக்குச் சட்டசபையில் என்ன வேலை?

வாக்குக் கேட்டு நம் லயங்களுக்கு வருகிறவர்களில் வக்கீலைப் பார்த்திருக்கிறோம், குத்தகைக்காரரைப் பார்த்திருக்கிறோம், பள்ளி ஆசிரியரையும் பார்த்திருக்கிறோம். மாட்டுக்கு ஊசி போடுகிற ஒருவர் வந்து நின்றால் நம்மில் பலர் சிரித்துவிடுவோம். “மாட்டு டாக்டருக்குச் சட்டசபையில் என்ன வேலை?” என்று கேட்போம். அப்படிக் கேட்கிறவர்கள் மேற்கு ஆப்பிரிக்காவின் கேம்பியா நாட்டில் பிறந்த டாவ்டா ஜவாராவின் வரலாற்றைக் கொஞ்சம் தெரிந்துகொள்ள வேண்டும்.

கேம்பியா ஓர் ஆற்றின் இரு கரைகளையும் ஒட்டிய சின்னஞ்சிறு நாடு. 1963ஆம் ஆண்டுக் கணக்குப்படி அங்கே வாழ்ந்தவர்கள் சுமார் 3 லட்சம் பேர். மலாயாவுக்கு ரப்பர் எப்படியோ, அவர்களுக்கு நிலக்கடலை அப்படி. கடலை விலை விழுந்தால் நாடே பட்டினி. ஆண்டவர்களும் நமக்குத் தெரிந்த அதே வெள்ளைக்காரர்கள்தாம். தலைநகரமும் அதைச் சுற்றியுள்ள பகுதியும் ‘காலனி’. உள்நாட்டுக் கிராமங்களெல்லாம் ‘பாதுகாப்புப் பிரதேசம்’. பெயர்தான் பாதுகாப்பு. கடலை பயிரிட்டு நாட்டுக்குச் சோறு போட்ட அந்தக் கிராமத்து ஜனங்களுக்கு நேரடியாக வாக்களிக்கும் உரிமை 1960 வரையில் கிடையாது. பட்டணத்தார் பேசுவார்கள், கிராமத்தார் கேட்டுக்கொள்வார்கள். தோட்டத்தில் வளர்ந்தவர்களுக்கு இதை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

ஜவாரா 1924இல் பாராஜாலி என்ற கிராமத்தில் பிறந்தார். அவர் குலம் தோல் வேலை செய்யும் குலம். அங்கேயும் குலத்துக்குக் குலம் மேல் கீழ் பார்க்கிற வழக்கம் உண்டு. தோல் வேலைக்காரர்களுக்குக் கீழ்வரிசைதான். தலைநகரத்திலும் பிறகு கோல்டுகோஸ்டில் அச்சிமோட்டா கல்லூரியிலும் படித்து, ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ நகரில் கால்நடை வைத்தியம் பயின்று 1953இல் தேறினார். அந்தப் படிப்போடு பட்டணத்தில் நாற்காலி தேடி உட்கார்ந்திருக்கலாம். ஆனால் சர்க்கார் கால்நடை அதிகாரியாக ஊர் ஊராகச் சுற்றினார். அந்நாளில் ஆப்பிரிக்காவில் வெக்கை நோய் புகுந்தால் பட்டி பட்டியாக மாடுகள் சாகும். (அந்த நோய் உலகத்திலிருந்தே ஒழிந்துவிட்டதாக 2011இல் அறிவித்தார்கள்.) மாடு வைத்திருப்பவன் வீட்டில் மாடு செத்தால் அது வெறும் மாடு அல்ல, மகளின் கலியாணம், மகனின் படிப்பு, பஞ்ச காலத்துச் சோறு எல்லாம் அதோடு போய்விடும். அப்படிப்பட்ட பட்டிகளுக்குள் நுழைந்து, சாணத்தில் நின்று, ஊசி போட்டவர் ஜவாரா. கேம்பியாவில் தம்மை அறியாத மாடே இல்லை என்று அவர் வேடிக்கையாகச் சொல்வதுண்டாம். மாட்டுக்குத் தெரிந்தவரை மாட்டுக்காரனுக்குத் தெரியாதா?

1959இல் கிராமத்தார் தங்களுக்கென ஒரு கட்சி அமைத்தபோது தலைவர் யார் என்ற பேச்சு எழுந்தது. தோல் வேலைக்காரக் குலத்தவரைத் தலைமையில் வைப்பதா என்று முகம் சுளித்தவர்கள் இருந்தார்கள். ஆனால் படித்தவர், ஊர்தோறும் அறிமுகமானவர், பட்டிக்குள் வந்தவர் என்று பார்த்தால் அவரை விட்டால் ஆள் இல்லை. குலத்தைத் தள்ளி வைத்துவிட்டு ஆளைத் தேர்ந்தெடுத்தார்கள். நம் தோட்டங்களில் கோயில் கமிட்டிக்கு ஆள் போடும்போதுகூட இந்தத் தைரியம் வருவதில்லை என்பதை இங்கே சொல்லித்தான் ஆக வேண்டும்.

அவர் உத்தியோகத்தை உதறினார். 1960இல் சட்டசபைக்கு ஜெயித்து மந்திரியானார். மறு வருஷம் கவர்னர் பட்டணத்துக் கட்சித் தலைவரை முதல் மந்திரியாக்கியபோது பதவியை விட்டு வெளியேறினார். 1962 தேர்தலில் 32 இடங்களில் 18ஐ அவர் கட்சி வென்றது, ஜவாரா பிரதமரானார். 1965 பிப்ரவரி 18இல் நாடு சுதந்திரம் பெற்றது. அதே ஆண்டு நவம்பரில், ராணியின் ஆட்சியை நீக்கிக் குடியரசாக்கலாமா என்று ஜனங்களையே கேட்டார். மூன்றில் இரண்டு பங்கு வாக்கு வேண்டும். 758 வாக்கு குறைந்தது. ஆட்சி கையில் இருந்தும் அந்த முடிவை ஏற்றுக்கொண்டு, 1970 வரை காத்திருந்து மறுபடியும் கேட்டு வென்றார். 758 வாக்குக்காக ஐந்து வருஷம் காத்திருந்த ஆட்சித் தலைவர்கள் எத்தனை பேரை நாம் அறிவோம்?

அவரைத் தெய்வமாக்க நாம் எழுதவில்லை. 1981இல் அவர் லண்டனுக்கு அரச குடும்பத்துக் கலியாணத்துக்குப் போயிருந்த சமயம் ஊரில் கலகம் வெடித்துப் பல நூறு பேர் மாண்டார்கள். செனகல் படை வந்துதான் ஆட்சியைக் காப்பாற்றியது. கட்சிக்காரர்களின் லஞ்சம் பற்றியும் பேச்சு வளர்ந்தது. 1991இல் “போதும், இனி நிற்கமாட்டேன்” என்று கட்சி மாநாட்டில் அறிவித்தவர், கூட இருந்தவர்கள் பிடித்து இழுக்க, மறுபடியும் நின்றார். 1994 ஜூலையில் இளம் பட்டாளக்காரர்கள் அவரைத் தூக்கி எறிந்தார்கள். அவர் 1993இல் ஒழித்த மரண தண்டனையை, பின்னால் வந்தவர்கள் 1995இல் திரும்பக் கொண்டுவந்தார்கள். அவர்கள் ஆட்சி 2017 வரை நீண்டது. ஜவாரா 2002இல் நாடு திரும்பி, 2019இல் 95 வயதில் காலமானார். முப்பது வருஷம் ஒருவரையே உட்கார வைத்தது ஜனங்களின் பிழையா, அவரைச் சுற்றியிருந்தவர்களின் பிழையா என்றால், பின்னதே என்பது நம் அபிப்பிராயம்.

நம் ஜொகூருக்கு வருவோம். தோட்டத்துப் பசு நமக்கு என்னவாக இருந்தது என்பதைத் தாய்மார்களைக் கேட்டால் சொல்வார்கள். மரம் வெட்டிய சம்பளம் அரிசிக்கும் கடைக் கடனுக்கும் போகும். பால் விற்ற காசுதான் பள்ளிக்கூடச் செலவுக்கு. தோட்டைக் கழற்றி அடகு வைத்துக் கிடாரிக் கன்று வாங்கிய குடும்பங்கள் உண்டு. ஆனால் தோட்டம் கைமாறும்போதோ, ரப்பரை வெட்டிச் செம்பனைக் கன்று நடும்போதோ, “மாடுகளை அப்புறப்படுத்துக” என்று பெரட்டுக் களத்தில் நோட்டீஸ் ஒட்டப்படுகிறது. அதை டைப் அடிப்பதும் நம்மைப் போன்ற கிராணிதான்.

மேய்ச்சல் நிலம் துரையின் தருமம் என்றே நாம் பழகிவிட்டோம். அப்படியல்ல. கூட்டு மலாய் மாநிலங்களின் 1923ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டம், குடும்பமுள்ள தொழிலாளி ஒவ்வொருவருக்கும் ஏக்கரில் 16இல் ஒரு பங்கு நிலத்தைப் பயிருக்கோ மேய்ச்சலுக்கோ ஒதுக்கச் சொன்னது. வெள்ளைக்காரன் காலத்துச் சட்டமே அப்படி எழுதியது. இன்றைய அரசியல் சாசனத்தில் நிலம் மாநிலத்தின் அதிகாரம். கால்நடை வளர்ப்பும் கால்நடை மருத்துவமும் மாநிலத்துக்கும் மத்திக்கும் பொது. ஆக, ஒரு பசு எங்கே மேயலாம் என்ற கேள்வி ஜொகூர் சட்டமன்றத்தின் 56 இடங்களில் உட்காருகிறவர்களிடம்தான் போய் நிற்கிறது. மாட்டு டாக்டருக்குச் சட்டசபையில் வேலை இருக்கிறதா என்பதற்கு இதைவிட என்ன பதில் வேண்டும்?

குளுவாங்கில் கால்நடை நிலையம் இருக்கிறது. தோட்டத்தில் பிறந்து கால்நடை வைத்தியமோ, மருத்துவமோ, விவசாயமோ படித்த நம் பிள்ளைகளும் இருக்கிறார்கள். பட்டம் வாங்கியதும் லயத்துப் பக்கம் திரும்பிப் பார்க்காதவர்களை நாம் நன்றாக அறிவோம். திரும்பி வந்து உழைக்கிறவர்களைத்தான் கண்டுகொள்வதில்லை. 2022 தேர்தலில் 18 வயதுப் பிள்ளைகளும் ஜொகூரில் வாக்களித்தார்கள். அடுத்த முறை யாரேனும் வந்து கைகூப்பினால், எந்த ஊர், எந்த ஆள் என்று கேட்பதற்கு முன், “ஐயா, இதற்கு முன் எந்தக் காரியமாக எங்கள் லயத்துக்கு வந்தீர்கள்? மேய்ச்சல் நிலத்தைப் பற்றி மன்றத்தில் என்ன கேட்பீர்கள்?” என்று கேளுங்கள். கிளைக் கூட்டங்களில் இந்த இரண்டு கேள்விகளையும் முன்கூட்டியே பேசித் தீர்மானமாக எழுதி வைத்துக்கொண்டால், வருகிறவரிடம் கையோடு கொடுத்துவிடலாம்.