வக்கீலுக்குப் படித்த கோல் கீப்பர்

விளையாட்டில் கெட்டிக்காரப் பையனுக்குப் படிப்பு எதற்கு?

கனடா நாட்டில் ஒரு காலத்தில் பலருக்கும் இந்த எண்ணம் இருந்தது. பள்ளிக்கூடத்தில் வீணாகும் நேரத்தில் இன்னும் நாலு ஆட்டம் ஆடலாமே என்று நினைத்தார்கள்.

அந்த எண்ணத்தைப் பொய்யாக்கியவர் ஒரு கோல் கீப்பர். அவர் பெயர் கென் டிரைடன். அவர் கதை ஒவ்வொரு குடும்பமும் தெரிந்துகொள்ள வேண்டிய கதை.

ரப்பர் வட்டு

கனடா குளிர் மிகுந்த நாடு. அங்குள்ள மக்களுக்கு ஐஸ் ஹாக்கி என்றால் உயிர்.

இது ஐஸ் தரையில் ஆடும் ஆட்டம். இதில் பந்து கிடையாது. கறுப்பு ரப்பர் வட்டு ஒன்றை மட்டையால் அடிக்கிறார்கள். ஆட்டக்காரர்களின் பூட்சில் கூர்மையான இரும்புத் தகடு இருக்கும். அதைக்கொண்டு ஐசில் வழுக்கிப் பறப்பார்கள்.

ஒரு பக்கத்துக்கு 6 பேர். அதில் ஒருவர் கோல் கீப்பர். அவர் காக்கும் கோல் 6 அடி அகலம், 4 அடி உயரம். ரப்பர் வட்டு சில சமயம் மணிக்கு 100 மைல் வேகத்தில் பாய்ந்து வரும்!

நூறு அடிகளைத் தடுத்தாலும் அது கடமை என்பார்கள். ஒன்றை விட்டுவிட்டால் ஊரே ஏசும். அப்படிப்பட்ட வேலை அது.

எல்லோரும் போன வழி

டிரைடன் 1947-ம் ஆண்டு ஹாமில்டன் நகரில் பிறந்தார். வளர்ந்தது டொராண்டோ பக்கத்தில். அண்ணன் டேவ் டிரைடனும் கோல் கீப்பர்தான். பிள்ளைகள் ஆடுவதற்காகத் தந்தை வீட்டுக் கொல்லையில் தரை போட்டுக் கொடுத்தார்.

1964-ல் பாஸ்டன் அணி டிரைடனின் பெயரைத் தன் பட்டியலில் சேர்த்தது. சில நாட்களில் அந்த உரிமையை மான்ட்ரியல் கனேடியன்ஸ் அணிக்குக் கொடுத்துவிட்டது. அப்போது அவருக்கு வயது 16.

சம்பளத்துக்கு ஆடும் பெரிய அணிகளின் கூட்டத்துக்குத் தேசிய ஹாக்கி லீக் என்று பெயர். 1967 வரை அதில் இருந்தவை 6 அணிகள்தான். ஓர் அணிக்கு ஒன்றிரண்டு கோல் கீப்பர்கள் போதும். எனவே இடமோ கொஞ்சம், போட்டியோ அதிகம்.

அந்த இடத்தைப் பிடிக்க ஒரு வழக்கமான வழி இருந்தது. பையன்கள் சிறு வயதிலேயே ஜூனியர் அணியில் சேருவார்கள். பலர் வீட்டை விட்டு வெளியூர் போவார்கள். ஆட்டமே முழு வேலை. படிப்பு பாதியில் நிற்கும்.

கல்லூரிக்குப் போய் அங்கிருந்து பெரிய அணிக்கு வந்தவர்கள் மிகச் சிலரே. டிரைடன் அந்த வழியைத்தான் பிடித்தார்! அமெரிக்காவிலுள்ள கார்னெல் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். சரித்திரம் படித்தார். கல்லூரி அணியில் கோல் காத்தார்.

படிப்பு ஆட்டத்தைக் கெடுத்ததா? கணக்கைப் பாருங்கள். மூன்று ஆண்டுகளில் 81 ஆட்டங்கள். வெற்றி 76. தோல்வி 4. ஒன்று சமம். 1967-ல் அவர் அணி அமெரிக்கக் கல்லூரிகளிலேயே முதலாவதாக வந்தது. 1969-ல் பட்டமும் வாங்கினார்.

மாணவர் செய்த அதிசயம்

பிறகு கனடா தேசிய அணியில் ஆடினார். 1970-ல் அந்த அணி கலைக்கப்பட்டது. டிரைடன் கலங்கவில்லை. மான்ட்ரியல் நகரிலுள்ள மெக்கில் பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்தார். கனேடியன்ஸ் கழகத்தின் இரண்டாவது அணியில் ஆடினார்.

1971 மார்ச் மாதம் பெரிய அணி அவரை அழைத்தது. 6 ஆட்டங்களில் கோல் காத்தார். ஆறிலும் வெற்றி!

அந்த மாதத்திலேயே ஒரு வேடிக்கை. எதிர் அணியின் கோலில் நின்றவர் யார் தெரியுமா? அண்ணன் டேவ்!

அடுத்து ஸ்டான்லி கோப்பைக்கான ஆட்டங்கள். முதலில் எதிர்த்து வந்தது பாஸ்டன். முந்திய ஆண்டு கோப்பையை வென்ற அணி. பாபி ஓர், பில் எஸ்பொசிட்டோ போன்ற சூரர்கள் ஆடிய அணி. எஸ்பொசிட்டோ அந்தப் பருவத்தில் மட்டும் 76 கோல்கள் போட்டிருந்தார்.

அவர்களுக்கு எதிரே நின்றவர் 6 ஆட்டமே ஆடிய சட்ட மாணவர். ஏழாவது ஆட்டம் வரை போராட்டம் நீடித்தது. பாஸ்டன் தோற்றது! ஏழு ஆண்டுகளுக்கு முன் தாங்கள் கைவிட்ட பையனிடமே தோற்றது.

கோப்பையையும் மான்ட்ரியல் வென்றது. அந்த ஆட்டங்களில் தலைசிறந்தவர் என்ற பரிசு டிரைடனுக்குக் கிடைத்தது. அடுத்த ஆண்டுதான் 'சிறந்த புதுமுகம்' என்ற பரிசைப் பெற்றார்!

1972-ல் சோவியத் அணியுடன் கனடா 8 ஆட்டங்கள் ஆடியது. மாஸ்கோவில் நடந்த கடைசி ஆட்டத்தில் டிரைடன் கோலில் நின்றார். கனடா 6-5 என்று வென்றது. 1973-ல் அவருக்குச் சட்டப் பட்டம் கிடைத்தது. அதே ஆண்டு இன்னொரு ஸ்டான்லி கோப்பையும் கிடைத்தது.

"மாட்டேன்" என்றார்

இப்போதுதான் கதையின் முக்கிய கட்டம் வருகிறது.

அந்த 1973-ம் ஆண்டு அவருக்கும் அணிக்கும் சம்பளத் தகராறு. தமக்குத் தரும் தொகை குறைவு என்று அவர் கருதினார். அணி இணங்கவில்லை.

படிக்காத ஆட்டக்காரர் என்ன செய்வார்? ஆட்டத்தை விட்டால் வேறு பிழைப்பு இல்லை. கொடுத்ததை வாங்கிக்கொண்டு தலை குனிவார். டிரைடன் ஆட மாட்டேன் என்று சொல்லிவிட்டார். டொராண்டோவில் ஒரு வக்கீல் அலுவலகத்தில் பயிற்சிக்குச் சேர்ந்தார். ஒரு பருவம் முழுவதும் கனேடியன்ஸ் அணியின் பக்கமே போகவில்லை.

விளைவு? முந்திய பருவத்தில் மான்ட்ரியல் வாங்கிய கோல்கள் 184. அவர் இல்லாத பருவத்தில் 240! கோப்பை ஆட்டங்களில் முதல் சுற்றிலேயே அந்த அணி வெளியேறியது. 1974-ல் டிரைடன் திரும்பி வந்தார். 1976 முதல் 1979 வரை தொடர்ந்து நான்கு கோப்பைகளை மான்ட்ரியல் வென்றது.

படிப்பு அவருக்கு வட்டைத் தடுக்கக் கற்றுக்கொடுக்கவில்லை. முதலாளியின் முன்னால் நிமிர்ந்து நிற்கும் துணிவைக் கொடுத்தது. என் கருத்தில் இதுவே படிப்பின் பெரிய பயன்.

1979-ல் ஆட்டத்திலிருந்து விலகினார். அப்போது வயது 31தான். 397 ஆட்டங்களில் 57 தோல்விகளே! ஆறு ஸ்டான்லி கோப்பைகள்! யாரும் அவரைப் போகச் சொல்லவில்லை. புகழ் உச்சியில் இருக்கும்போது தாமாகவே விடைபெற்றார்.

பிறகு புத்தகங்கள் எழுதினார். 2004-ல் கனடா பாராளுமன்ற உறுப்பினர் ஆனார். மந்திரியாகவும் இருந்தார். 2025 செப்டம்பரில், 78-வது வயதில் காலமானார்.

இது எல்லோருக்கும் முடியுமா?

"அவர் பிறவி மேதை. அவரைப் போல் எல்லோராலும் முடியுமா?" என்று சிலர் கேட்கலாம்.

கேள்வி நியாயமானதே. அவருக்கு உதவிய தந்தை இருந்தார். வழி காட்ட அண்ணன் இருந்தார். அவருக்கு முன்னால் நின்று தடுத்தவர்களும் சிறந்த ஆட்டக்காரர்கள். இவ்வளவும் எல்லோருக்கும் அமையாது.

ஆனால் யோசித்துப் பாருங்கள். படிப்பை விட்டு ஆடப்போகும் பையன்களில் எத்தனை பேர் உச்சிக்குப் போகிறார்கள்? விரல் விட்டு எண்ணலாம். மற்றவர்கள் கதி என்ன? காலில் ஓர் அடி பட்டால் போதும், கனவு முடிந்துவிடும். மேதைக்குப் படிப்பு ஒரு பலம். மேலே போக முடியாதவனுக்கு அதுவே சோறு. ஆகவே டிரைடனைவிட அவனுக்குத்தான் படிப்பு அதிகம் தேவை.

இன்று அந்தப் பெரிய லீக்கில் கல்லூரியிலிருந்து வந்தவர்கள் ஏராளம். அன்று அதிசயமாக இருந்தது இன்று வழக்கமாகிவிட்டது.

பெற்றோர்களே! மைதானத்துக்கு ஓடும் பிள்ளையைப் பிடித்து இழுக்காதீர்கள். நன்றாக ஆடுகிறான் என்பதற்காகப் புத்தகத்தைப் பிடுங்கவும் வேண்டாம். ஒரு கையில் மட்டையும் ஒரு கையில் புத்தகமும் இருக்கட்டும். எதை எப்போது கீழே வைப்பது என்பதை, வளர்ந்த பிறகு அவனே முடிவு செய்வான்.