கல்லடிக் கதையும் பத்துப் பாட்டும்

எடமலைப்பட்டி புதூரிலிருந்து சைக்கிளை மிதித்தால் அரை மணியில் உறையூர். திருப்பாணாழ்வார் ஊர். காவிரிக் கரையில் நின்று பாடிய பாணரை லோகசாரங்கர் கல்லால் அடித்தார், பிறகு அரங்கனின் கட்டளைப்படி அவரையே தோளில் சுமந்து கோயிலுக்குள் போனார் என்பது நமக்குத் தெரிந்த கதை.

ஆழ்வார் பாடியதோ பத்தே பாட்டு. அதில் கல் இல்லை, தோள் இல்லை, பாடியவர் பெயர்கூட இல்லை. அரங்கனின் அழகுதான் இருக்கிறது. கல்லடி, பின்னாளில் எழுதப்பட்ட குருபரம்பரைக் கதைகள் சொல்வது. அக்கதைகள் இன்னொன்றும் சொல்கின்றன: அவர் பாணர் குலத்தில் பிறக்கவில்லையாம், நெல்வயலில் கிடந்த குழந்தையாம், பாணர் எடுத்து வளர்த்தாராம்! நடவு நடும் பெண்கள் கேட்டால் சிரிக்க மாட்டார்களா? தோளில் தூக்கிய பிறகும், ஒரு பாணச்சி பெற்ற பிள்ளை என்று எழுதக் கை வரவில்லை.

பாட்டு வேறு, அதைச் சுற்றிக் கட்டிய கதை வேறு. அந்தக் கதை யாருக்குத் தேவைப்பட்டது? ஆராய்ச்சிக்காரர்கள் கேட்கும் கேள்வி இது. பண்டிதர் வேலை என்று ஒதுக்காதீர்கள், தோழர்களே! ஒருவரைச் சுமந்த பெருமையைச் சொல்லிக்கொண்டே அவர் இனத்தாரை வாசலில் நிறுத்தினார்கள். சென்னை மாகாணம் முழுவதற்கும் ஆலயப் பிரவேசச் சட்டம் வந்தது 1947-ல்தான்.