தர்ப்பூசணி வண்டியின் ஓசை

ஜாஸ் பியானோ வித்வான் ஹெர்பி ஹான்காக்கின் முதல் இசைத்தட்டான ‘டேக்கின் ஆஃப்’ அறுபது வருஷங்கள் கடந்தும் ஏன் அலுக்கவில்லை என்று கேட்டால், ஹை-ஃபை பித்துக் கொண்ட ரசிகர்கள், எந்த அச்சு உயர்ந்தது, லேபிளை ஒட்டிய வழவழப்பான வளையத்தில் ஒலிப்பதிவாளர் வான் கெல்டரின் முத்திரை இருக்கிறதா என்ற ஆராய்ச்சியில் இறங்கி, சங்கீதத்தைக் கேட்கவே மறந்துவிடுகிறார்கள்.

அவர்கள் பக்கம் நியாயம் இல்லாமல் இல்லை. பகலில் கண்பார்வை சோதித்துக் கண்ணாடி எழுதிக்கொடுத்து, ஒழிந்த வேளையில் பெற்றோர் வீட்டுக் கூடத்திலேயே ஜாஸ் வித்வான்களைப் பதிவு செய்துவந்த ரூடி வான் கெல்டர், 1959-ல் நியூ ஜெர்ஸியின் எங்கல்வுட் கிளிஃப்ஸில் தேவாலயம்போல் உயர்ந்த மரக்கூரையோடு கட்டிக்கொண்ட ஒலிப்பதிவுக் கூடத்தில்தான், 1962 மே 28 அன்று, புளூ நோட் கம்பெனிக்காக இந்தத் தட்டு பதிவாயிற்று. பில்லி ஹிக்கின்ஸின் குச்சி சிம்பலைத் தொடும் இடமும், டெக்ஸ்டர் கார்டனின் டெனர் சாக்ஸபோனில் ஸ்வரத்தோடு இழையும் மூச்சும் இன்றைக்கும் அருகில் நின்று கேட்பதுபோல் கேட்கின்றன. ஆனால் பியானோ? வான் கெல்டரின் பதிவுகளில் அது சற்றுப் பெட்டிக்குள் அடைத்தாற்போல் ஒலிக்கும் என்பது பழைய குறை. அதை மறுக்க நான் துணியமாட்டேன். யந்திரத்தின் துல்லியம் ஒன்றே இத்தட்டின் ஆயுளுக்குக் காரணமாயிருந்தால், பிற்காலத்துப் பதிவுகள் இதை எப்போதோ மூலையில் தள்ளியிருக்கும்.

துல்லியம் வேறோரிடத்தில் இருக்கிறது. முதல் தட்டு விலைபோக வேண்டுமே என்ற லௌகீகக் கவலையோடு, கறுப்பின மக்களின் வாழ்விலிருந்தே ஒரு பாட்டு அமைக்க உட்கார்ந்த அந்த 22 வயது இளைஞர், தாம் கண்டறியாத அமெரிக்கத் தென்பகுதிச் சிறைக் கைதிகளின் துயரத்தை இரவல் வாங்காமல், சிறுவயதில் சிக்காகோவில் தாமே கேட்ட ஓசையை, கல் பாவிய சந்துகளில் தர்ப்பூசணி வண்டி கடகடத்துச் சென்றதையும், பெண்கள் வியாபாரியைக் கூவியழைத்ததையும், எடுத்துக்கொண்டார். ‘வாட்டர்மெலன் மேன்’ தொடங்கும்போது பியானோவில் உருள்வது அந்தச் சக்கரம்; ஃப்ரெடி ஹப்பர்டின் ட்ரம்பெட்டும் சாக்ஸபோனும் கூடி எடுப்பது அந்தப் பெண்களின் கூவல். புளூஸுக்கு வழக்கமான 12 தாள அளவு இங்கே 16 ஆக நீண்டிருப்பதைச் சாஸ்திரம் அறிந்தவர்கள் விரல்விட்டு எண்ணிக்கொள்ளட்டும். மற்றவர்களுக்குத் தலை தானாக ஆடும். சோல்-ஜாஸ் என்ற பெயருக்குப் பொருள் சொல்ல இதைவிட வேறென்ன வேண்டும்? தட்டிலுள்ள ஆறு உருப்படிகளும் ஹான்காக் இயற்றியவையே. புதிதாக வந்த ஒருவருக்கு இந்தச் சலுகை எளிதில் கிடைப்பதில்லை.

மூத்த வித்வான் டொனால்ட் பைர்ட், பாட்டுகளின் உரிமையைக் கம்பெனிக்கு எழுதிக்கொடுத்துவிடாதே என்று முன்பே எச்சரித்திருந்தார். 1963-ல் மாங்கோ சான்டமரியா அதே ‘வாட்டர்மெலன் மேனை’ கியூப லயத்தில் வாசித்துப் பிரசித்தமாக்கியபோது, பணம் ஹான்காக்கின் கைக்கே வந்தது. அவர் அதில் ஒரு கோப்ரா பந்தயக் கார் வாங்கினார். தர்ப்பூசணி வண்டியின் தயவில் வந்த அந்தக் காரை விற்க அவருக்கு மனம் வரவில்லை.