மாட்டுவண்டித் தண்ணீர்

மெர்லயன் சிலைக்கு முன்னால் எல்லோரும் வாயைத் திறந்துகொண்டு நின்றார்கள். சிங்கத்தின் வாயிலிருந்து பீய்ச்சுகிற தண்ணீர் நேராகத் தங்கள் வாயில் விழுவதுபோலப் படம் எடுப்பது அங்கே வழக்கம். அம்மா சிலையைப் பார்க்கவே இல்லை. கம்பியைப் பிடித்துக்கொண்டு, குனிந்து, கீழே விரிந்து கிடந்த தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“ஏனுங்க, இந்தத் தண்ணி உப்புங்களா?”

கைடு திரும்பினார். சிலையின் உயரம் 8.6 மீட்டர், எடை 70 டன், 1972இல் திறந்தது, முன்னால் ஒரு பாலம் வந்து மறைத்துவிட்டதால் 2002இல் 120 மீட்டர் தள்ளி இந்த இடத்துக்கு நகர்த்தி வைத்தது என்றெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தவர் பேச்சை நிறுத்திவிட்டு அம்மாவின் பக்கத்தில் வந்து நின்றார்.

“இதைக் கேக்கிற ஆளு ரொம்பக் கொஞ்சம்மா. பாக்கக் கடல் மாதிரி இருக்கும். ஆனா குளம். நாங்க குடிக்கிற தண்ணி.”

அந்த ஒரு கேள்வியில் எங்கள் சுற்றுலாவே வேறு பக்கம் திரும்பிவிட்டது.

தம்பி சிங்கப்பூரில், ஜூரோங்கில் வேலை செய்கிறான். மூன்று வருடமாகக் கூப்பிட்டு, இந்த முறைதான் அம்மா சம்மதித்தார். கோவை சிங்காநல்லூரில் எங்கள் வீட்டு மொட்டை மாடியில் வடகம் காயப்போட்டால் தலைக்கு மேலே பீளமேட்டில் இறங்கும் விமானம் போகும். நாற்பது வருடம் அண்ணாந்து பார்த்த விமானத்தில் அம்மா முதன்முதலாக ஏறினார். நாலு மணி நேரத்துக்குச் சற்று மேல். இறங்கியதும் கடிகாரத்தை இரண்டரை மணி நேரம் முன்னால் தள்ளி வைத்தோம். தம்பிக்கு வார நாளில் விடுப்பு கிடைக்கவில்லை. அதனால் எங்கள் இருவரையும் ஒருநாள் சுற்றுலா வேனில் ஏற்றிவிட்டான். பதினான்கு பேர். திருப்பூரிலிருந்து ஒரு தம்பதி, சேலத்துக் குடும்பம் ஒன்று, கணபதியில் மோட்டார் பட்டறை வைத்திருக்கும் ஒருவர் தன் மகனோடு, இன்னும் சிலர். காலை எட்டரைக்குப் புறப்பாடு.

ஒருநாள் சுற்றுலாவை மட்டமாகப் பேசுகிறவர்கள் உண்டு. ஓடி ஓடிப் பார்ப்பதில் என்ன இருக்கிறது, ஒரு ஊரில் பத்து நாள் தங்கினால்தான் ஊர் தெரியும் என்பார்கள். பத்து நாள் தங்க முடிந்தவர்கள் தங்கட்டும். எழுபத்தொரு வயதில், முப்பது வருடம் மில்லில் ரீலிங் ஓட்டி முட்டி தேய்ந்த ஒருத்திக்கு, ஏறி உட்கார ஒரு வண்டியும் எடுத்துச் சொல்ல ஒரு ஆளும் இருந்தால்தான் ஊர் பார்க்க முடியும். அந்த எடுத்துச் சொல்கிற ஆள் நல்லவராக அமைந்துவிட்டால் ஒரு நாளே போதும்.

எங்களுக்கு அமைந்தவர் அறுபதை ஒட்டிய தமிழர், அங்கேயே பிறந்தவர். கழுத்தில் உரிம அட்டை. ஒவ்வொரு இடத்திலும் முதலில் கழிப்பறை எங்கே இருக்கிறது என்று சொல்வார், அப்புறம்தான் வரலாறு. வண்டி கிளம்புமுன் ஒருமுறை தலையை எண்ணுவார். அம்மாவின் முட்டியை ஏறும்போதே கவனித்துவிட்டு, முன் இருக்கையில் உட்காரவைத்தார்.

பாடாங் மைதானத்தில் வண்டி நிற்கவில்லை, மெதுவாகப் போனது. 1943 ஜூலை 5இல் நேதாஜி இந்திய தேசிய ராணுவத்தின் அணிவகுப்பை ஏற்றுக்கொண்டு பேசிய இடம். அவர் அமைத்த ஜான்சி ராணி படையில் மலாயாவின் ரப்பர் தோட்டங்களில் பால் எடுத்த தமிழ்ப் பெண்கள் நிறையச் சேர்ந்தார்கள் என்று கைடு சொன்னபோது, பின்னாலிருந்த பேச்சுச் சத்தம் அடங்கியது.

அடுத்தது செயின்ட் ஆண்ட்ரூஸ் தேவாலயம். 1856இலிருந்து 1861 வரை கட்டினார்கள். கட்டியவர்கள் இந்தியாவிலிருந்து நாடு கடத்திக் கொண்டுவரப்பட்ட கைதிகள். சுவருக்குப் பூசிய சாந்தின் பெயரே மெட்ராஸ் சுண்ணாம்பு. கிளிஞ்சல் சுண்ணாம்பு, முட்டை வெள்ளைக்கரு, சர்க்கரை, தேங்காய் மட்டை ஊறவைத்த தண்ணீர். அம்மா தலையை ஆட்டினார். இருகூரில் தாத்தா வீடு கட்டியபோது கடுக்காயும் வெல்லமும் ஊறவைத்த தண்ணீரைச் சுண்ணாம்பில் ஊற்றி, மாடு கட்டி அரைத்ததை அவர் பார்த்திருக்கிறார். அந்த வெள்ளைச் சுவரை அண்ணாந்து பார்த்து, “கையி வலிச்சிருக்குமே” என்றார். வேறொன்றும் சொல்லவில்லை.

சைனாடவுனில்தான் மாரியம்மன் கோவில் இருக்கிறது. 1827இல் நாராயண பிள்ளை தொடங்கியது, அந்த ஊரின் பழைய இந்துக் கோவில். ஆங்கிலேய அதிகாரி ராஃபிள்ஸோடு 1819இல் பினாங்கிலிருந்து வந்து, சிங்கப்பூரில் முதல் செங்கல் சூளை போட்டவர் அந்த நாராயண பிள்ளை. ஒரு ஊர் எழும்பத் தொடங்கும்போது செங்கல் அறுத்த கையே அம்மனுக்குக் கூரையும் போட்டிருக்கிறது. அம்மா மூன்று சுற்றுச் சுற்றி வந்து திண்டில் உட்கார்ந்து முட்டியை நீவிக்கொண்டிருந்தபோது, கைடு அந்தப் பகுதியின் பெயரைச் சொன்னார். சைனாடவுன் என்பது வெள்ளைக்காரன் வைத்தது. சீனர்கள் சொல்வது நியூ சே ஷூய். மலாயில் கிரேத்தா ஆயர். இரண்டுக்கும் பொருள் ஏறக்குறைய ஒன்றுதான். மாட்டுவண்டித் தண்ணீர். குழாய் வராத காலத்தில் ஆன் சியாங் குன்றுக் கிணறுகளிலிருந்து மாட்டுவண்டியில் தண்ணீர் கொண்டுவந்து விற்ற தெரு.

அம்மாவுக்கு முகம் மலர்ந்துவிட்டது. “எங்கூர்லயும் வந்துச்சுங்க. பீப்பாயப் படுக்க வெச்ச வண்டி. பஞ்சம் வந்த வருசம். மாட்டுச் சலங்கை கேட்டா கொடத்த எடுத்துட்டு ஓடுவோம்.” கைடு அதைக் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, சலங்கை இங்கேயும் கட்டியிருப்பார்களா என்று தனக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டார்.

மதியச் சாப்பாடு தேக்கா பக்கம். எருமைத் தெரு என்று ஆங்கிலத்தில் ஒரு பலகை, கெர்பாவ் தெரு என்று மலாயில் இன்னொரு பலகை. கெர்பாவ் என்றாலும் எருமைதான். பக்கத்தில் ஓடிய ரோச்சோர் ஆறும் அதன் கரைப் புல்லும் இருந்ததால் தமிழர்கள் அங்கே கொட்டில் போட்டு மாடு வளர்த்தார்கள். அந்தப் பகுதியின் பெயரைத் தாங்கிய மருத்துவமனையை ஊரே கேகே என்கிறது. விரித்துச் சொன்னால் கண்டாங் கெர்பாவ். கண்டாங் என்றால் மாடுகளை அடைக்கும் பட்டி.

“எருமப்பட்டி!” என்றார் அம்மா.

வேனே சிரித்தது. நாமக்கல் பக்கத்து எருமப்பட்டியை அறியாதவர் எங்களில் யாருமில்லை. சேலத்துக்காரருக்கு அங்கே சொந்தமே இருக்கிறதாம். 1966இல் ஒரே வருடத்தில் அந்த மருத்துவமனையில் 39,835 குழந்தைகள் பிறந்து உலக சாதனையானது என்று கைடு சொன்னார். தானும் அங்கே பிறந்தவர்தான் என்றார். அதன் பிறகு அன்று முழுவதும் எங்களுக்கு அவர் எருமப்பட்டிக்காரர்.

சாப்பாட்டுக்குப் பிறகு ஒரு நகைக்கடையில் நாற்பத்தைந்து நிமிடம் இறக்கிவிட்டார்கள். சுற்றுலா ஏற்பாட்டில் அது இருக்கிறதாம், கைடு என்ன செய்வார். எட்டு மணி நேரத்தில் முக்கால் மணி நேரம் என்பது காசு கொடுத்து வந்தவர்களிடமிருந்து எடுத்துக்கொள்கிற பெரிய துண்டு. இதை ஏற்பாடு செய்கிறவர்கள் யோசிக்க வேண்டும். அம்மா அந்த நேரம் முழுக்கக் கடை வாசல் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார்.

அடுத்து வளைகுடாத் தோட்டம். அதற்குள் போகுமுன் கைடு எங்களிடம் ஒரு அனுமதி கேட்டார். பட்டியலில் இல்லாத ஒரு இடம் பக்கத்தில் இருக்கிறது, இருபது நிமிடம் கொடுத்தால் அம்மாவின் கேள்விக்குப் பதிலை நேரில் காட்டலாம் என்றார். எல்லோரும் சரி என்றோம்.

மரினா தடுப்பணை. 2008இல் திறந்தது. 350 மீட்டர் நீளம், ஒன்பது மதகுகள். ஒரு பக்கம் கடல், மறுபக்கம் நாங்கள் காலையில் பார்த்த தண்ணீர். உப்புத் தண்ணீரை வெளியே நிறுத்திவிட்டு, மழையும் ஆறுகளும் கொண்டுவரும் தண்ணீரைத் தேக்கித் தேக்கி, வளைகுடாவையே நன்னீர்க் குளமாக மாற்றிவிட்டார்கள். தீவின் நிலத்தில் ஆறில் ஒரு பங்கில் பெய்கிற மழை இங்கேதான் வந்து சேர்கிறது. கடல் வற்றியிருக்கும்போது கனமழை வந்தால் மதகைத் திறப்பார்கள். கடல் ஏறியிருக்கும்போது வந்தால் ஏழு ராட்சத பம்புகள் தண்ணீரை வெளியே தள்ளும். கணபதிக்காரர் பம்பின் திறனையும் அது ஓடும் விதத்தையும் கேட்டுக் கேட்டு மகனுக்கு விளக்கினார். பம்பு செய்கிற ஊரிலிருந்து வந்தவருக்கு அன்றைக்குப் பார்த்ததிலேயே பெரிய காட்சி அதுதான்.

அணைக் கட்டடத்தின் கூரை முழுக்கப் புல். பிள்ளைகள் பட்டம் விட்டுக்கொண்டிருந்தார்கள். அங்கே நின்றுதான் கைடு தன் சின்ன வயதைச் சொன்னார். சிங்கப்பூர் ஆறு அப்போது கறுப்பாக ஓடியது. பன்றிப் பண்ணை, வாத்துப் பண்ணை, தெருவோரச் சாப்பாட்டுக் கடை, படகுப் பட்டறை எல்லாவற்றின் கழிவும் அதில்தான். பாலத்தைக் கடக்கும்போது மூக்கைப் பொத்திக்கொண்டுதான் பள்ளிக்கூடம் போவாராம். 1977இல் பிரதமர் லீ குவான் யூ பத்து வருடக் கெடு வைத்தார். 1987இல் ஆறு தெளிந்தது. அதற்காகப் பண்ணைகள் போயின, தொங்கான் படகுகள் இடம் மாறின, ஆற்றங்கரையில் பிழைத்த ஆயிரக்கணக்கான குடும்பங்கள் வேறிடம் போயின. “சும்மா கெடைக்கலம்மா. நெறைய பேரு பொழப்ப மாத்திக்கிட்டாங்க” என்றார். அந்த வரியை அவர் விழுங்கியிருக்கலாம். விழுங்காமல் சொன்னதால் எனக்கு அவர்மேல் மரியாதை கூடியது.

மலேசியாவின் ஜொகூரிலிருந்து வாங்கும் தண்ணீருக்கான 1962 ஒப்பந்தம் 2061இல் முடிகிறது. அதை எண்ணித்தான் இத்தனை பாடும். கழிவுநீரைச் சுத்திகரித்து 2003 முதல் திரும்பப் பயன்படுத்துகிறார்கள், கடல்நீரைக் குடிநீராக்குகிறார்கள், பெய்கிற மழையை விடுவதில்லை. “நம்ம சிறுவாணி அணை கேரளாவுல இருக்கறாப்பல” என்று அம்மா எனக்கு எடுத்துச் சொன்னார்.

திருப்பூர்க்காரர் அதுவரை அதிகம் பேசாதவர். பனியன் கம்பெனி வைத்திருக்கிறார். மதகைப் பார்த்தபடியே, “ஒரத்துப்பாளையம் அணையும் இத மாதிரிதாங்க நெனச்சுக் கட்டுனது” என்றார். கூட நின்ற யாருக்கும் விளக்கம் தேவைப்படவில்லை. நொய்யலின் குறுக்கே 1992இல் பாசனத்துக்கென்று திறந்த அணை. திருப்பூரின் சாயக்கழிவு வந்து தேங்கி, இந்தத் தண்ணீரைத் தேக்காதீர்கள் என்று கீழ்ப்பகுதி விவசாயிகளே கேட்கும்படி ஆனது. 2011இல் உயர் நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூடச் சொன்ன பிறகுதான் கழிவை வெளியே விடாத சுத்திகரிப்புக்குத் தொழில் திரும்பியது. அவர் அந்த நாட்களில் ஆறு மாதம் வேலையில்லாமல் இருந்தவராம். இருந்தும் தீர்ப்பைக் குறை சொல்லவில்லை.

மாலையில் தோட்டத்து விளக்கு மரங்களைப் பார்த்தோம், மூன்று கோபுர ஹோட்டலைப் பார்த்தோம். அழகுதான். படம் எடுத்தோம்.

ஊருக்கு வந்த மறுநாள் பக்கத்து வீட்டு அக்கா வந்து உட்கார்ந்து, அவ்வளவு உயரக் கட்டடமா என்று கேட்பார் என்று நினைத்தேன். “அங்க எத்தன நாளைக்கு ஒருக்கா தண்ணி வுடறாங்க?” என்றுதான் கேட்டார். அம்மா மாட்டுவண்டியில் ஆரம்பித்து மதகு வரைக்கும் சொல்லி முடிக்க அரை மணி நேரம் ஆனது.

அடுத்த ஞாயிறு, குளத்துக்குக் கூட்டிப்போ என்றார். வீட்டிலிருந்து பத்து நிமிடம். நான் போய் எத்தனையோ வருடம் ஆகிவிட்டது. சிங்காநல்லூர்க் குளம் 288 ஏக்கர். நொய்யல் தண்ணீருக்கென்று முன்னோர் சங்கிலியாகத் தோண்டிவைத்த குளங்களில் ஒன்று. 2017இல் மாநகராட்சி இதை நகரப் பல்லுயிர்ப் பாதுகாப்புப் பகுதியாக அறிவித்தது. கோவை குளங்கள் பாதுகாப்பு அமைப்பு என்று இளைஞர்கள் ஞாயிறுதோறும் மண்வெட்டியோடு குளம் குளமாக இறங்குகிறார்கள், அவர்களை நினைத்தால் மனது நிறைகிறது. ஆனாலும் சாக்கடை வந்துகொண்டுதான் இருக்கிறது. ஆகாயத்தாமரை ஒரு மூலையை மூடியிருந்தது. நாரைகள் அதற்கு நடுவிலும் நின்றன.

அம்மா கரையில் நின்று என் மகளுக்குக் கையை நீட்டிக் காட்டினார். தண்ணீர் எந்தப் பக்கமிருந்து வரும், மதகு எங்கே, மேற்கே உக்கடம், கிழக்கே தான் பிறந்த இருகூர். முட்டி வலித்தும் உட்காரவில்லை.

“பாட்டி, இது குடிக்கிற தண்ணியா?”

அம்மா கொஞ்ச நேரம் தண்ணீரையே பார்த்தார்.

“இந்த ஆத்துல ஊத்துத் தோண்டி, கையில அள்ளி நாங் குடிச்சிருக்கறன் சாமி.”